சமையலறை வாசலில் இரண்டு நிமிடம்

துடியலூரில் எங்கள் தெருவில் போன மாதம் மஞ்சள் குழாய் பதித்தார்கள். இனி கேஸ் சிலிண்டரில் வராது, குடிதண்ணீர் மாதிரி குழாயில் வரும் என்கிறார்கள். நான் முப்பத்து நான்கு வருடம் மெக்கானிக்காக இருந்த ஏஜென்சியில் இப்போது ரேவதி என்ற பெண் மேனேஜராக இருக்கிறார். குழாய் வருவதை ஒட்டி மெக்கானிக்குகளுக்கு ஒரு பயிற்சி வைத்தார். சிலிண்டர் கேஸ் காற்றைவிடக் கனம். கசிந்தால் தரையில் தேங்கும். குழாய் கேஸ் லேசு. கசிந்தால் கூரைக்குப் போகும். மண்டி போட்டு மோந்து பழகியவர்கள் இனி நிமிர்ந்து மோந்து பார்க்க வேண்டும். நடுவில் அரை மணி நேரம் என்னைப் பேசச் சொன்னார்.

"உங்க சர்வீஸ்லயே ரொம்பக் கஷ்டமான லீக்கேஜ் எதுங்கண்ணா? அது ஒண்ணைச் சொன்னாப் போதும்" என்றார்.

சொன்னேன். ஒரு பெண்ணைக் காப்பாற்றிய கதையாகச் சொன்னேன். எல்லோரும் கைதட்டினார்கள். நான் சொன்னதில் இரண்டு நிமிடம் விடுபட்டிருந்தது. அதையும் சேர்த்து இங்கே எழுதுகிறேன்.

எங்கள் வேலையில் ஒரு சங்கடம் உண்டு. தபால்காரர், பால்காரர், கரண்ட் ரீடிங் எடுப்பவர் எல்லோரும் வாசலோடு திரும்பிவிடலாம். கேஸ் மெக்கானிக் சமையலறை வரைக்கும் போயே ஆக வேண்டும். நான் ஐ.டி.ஐ.யில் ஃபிட்டர் படித்துவிட்டு வேலைக்குச் சேர்ந்த காலத்தில், சமையலறை என்பது வீட்டின் கடைசி அறை. வெளி ஆட்கள் யாரும் பார்க்காத அறை. சுவரெல்லாம் கரி. அடுப்பு தரையில் இருக்கும். பெண்கள் குத்துக்காலிட்டு உட்கார்ந்து சமைப்பார்கள். கேஸ் அடுப்பு சிலிண்டரைவிட உயரத்தில் இருக்க வேண்டும் என்பது விதி. அதனால் இணைப்பு கேட்டவர்களிடம் முதலில் மேடை கட்டச் சொன்னோம். இரண்டு பக்கமும் செங்கல் சுவர் எழுப்பி மேலே கடப்பைக் கல்லைப் போட்டார்கள். நின்றுகொண்டு சமைத்தால் கால் வலிக்கிறது என்று முதல் மாதம் எல்லாப் பெண்களும் சொன்னார்கள். வருடக்கணக்கில் காத்திருந்து வாங்கிய சிலிண்டருக்குக் குங்குமம் வைத்தார்கள். விருந்தாளிக்கு டீ மட்டும் கேஸில், சோறு விறகில்தான்.

எங்கள் முதலாளியின் தம்பி கருமத்தம்பட்டியில் ஏஜென்சி தொடங்கியபோது ஆறு மாதம் அங்கே போயிருந்தேன். அங்கே முன்னறையில் தறி ஓடும்; அதற்குப் பின்னால் ஒரு தடுப்பு, அதற்குப் பின்னால் அடுப்பு. பர்னர் துளைகளில் பஞ்சுத் தூசி அடைத்திருக்கும். பல வருடம் கழித்து ஒரு தடவை போனபோது அதே வீடுகளில் தறியைப் பழைய இரும்புக்குப் போட்டுவிட்டு அந்த இடத்தில் கட்டிலும் டிவியும் போட்டிருந்தார்கள். அரசு இலவசமாக அடுப்பு கொடுத்தபோது எங்கள் காலனியில் வீடு வீடாக மாட்டினேன். ஒற்றை அறை, சமையலறை என்று தனியாக ஒரு சுவர்கூட இல்லை. கடைசி வருடங்களில் நான் போனதெல்லாம் அடுக்குமாடி வீடுகள். ஹாலும் சமையலறையும் ஒன்று. வாசலில் நின்றாலே அடுப்பு தெரியும். சிலிண்டரை மட்டும் அலமாரிக்குள் ஒளித்து வைத்திருப்பார்கள். ஆபத்தும் அந்தந்தக் காலத்துக்கு ஏற்ற இடத்தில் ஒளிந்திருந்தது.

எனக்கு வேலை கற்றுக்கொடுத்தது மேனேஜர் கோவிந்தராஜ். வீட்டில் தெலுங்கு பேசுகிறவர். ஒல்லியான ஆள், சட்டைக் கை எப்போதும் மணிக்கட்டு வரை பொத்தான் போட்டிருக்கும். சத்தம் போட்டு ஒருநாளும் கேட்டதில்லை. மில் முதலாளியானாலும் சிலிண்டர் தூக்குகிறவரானாலும் அவருக்கு எல்லோரும் 'ங்க'தான். காலனியில் பிறந்த எனக்கு, என்னைவிட இருபது வயது மூத்த ஒருவர் 'வாங்க சகாயம்' என்று சொன்னதைக் கேட்டுப் பழகவே சில நாள் ஆனது. ஒரு விஷயத்தை ஒரு தடவைதான் சொல்வார். பிறகு பேனாவைக் கீழே வைத்துவிட்டு, "இப்ப நீங்க சொல்லுங்க, கேக்கறேன்" என்பார்.

நான் ஒப்பிப்பேன். கசிவு என்று கூப்பிட்டால் காலிங் பெல்லை அழுத்தக் கூடாது. கதவைத் தட்ட வேண்டும். உள்ளே எந்த ஸ்விட்சையும் போடவும் கூடாது, அணைக்கவும் கூடாது. வெளியே இருக்கும் மெயினை மட்டும் இறக்கலாம். தீ எங்கெங்கே இருக்கிறது என்று கேட்டு அணைக்க வேண்டும். கேஸ் வெளியேற வழி செய்ய வேண்டும். அந்தக் காலத்தில் சில மெக்கானிக்குகள் தீக்குச்சியைக் கிழித்துக் காட்டிக் கசிவைக் கண்டுபிடிப்பார்கள். எங்கள் மேனேஜரிடம் அது நடக்காது. சோப்புத் தண்ணீர்தான். குமிழி வந்தால் கசிவு.

ஏஜென்சியில் நானும் பழனிச்சாமியும்தான் மெக்கானிக்குகள். எனக்கு மில் குடியிருப்புகள், வாடகை வீடுகள், புதிதாக வந்த லைன் வீடுகள். தோட்டத்து வீடுகளுக்கும் பெரிய வீடுகளுக்கும் பழனிச்சாமி போவார். என்னைவிட மூத்தவர், அதனால் அப்படி என்று நினைத்திருந்தேன். நாலு வருடம் அப்படியே நினைத்திருந்தேன்.

அன்று பழனிச்சாமி லீவு. உடுமலைப்பேட்டையில் மச்சினன் கல்யாணம். காலை ஒன்பதரைக்கு ஃபோன் வந்தது. மேனேஜர் கேட்டுக்கொண்டே முகவரியை எழுதினார். எழுதி முடித்துவிட்டு என்னைப் பார்த்தார், சீட்டைப் பார்த்தார், மறுபடி என்னைப் பார்த்தார்.

"சிலிண்டர் மாத்தறப்ப வால்வுல இருந்து கேஸ் பீச்சியடிக்குதாமுங்க. ரெகுலேட்டர் உக்கார மாட்டேங்குது. வேகமாப் போங்க" என்றார்.

அந்த வீடு எனக்குத் தெரியும். வெள்ளக்கிணறு பக்கம் தென்னந்தோப்பும் வயலுமாக இருந்த குடும்பம். மகன் பட்டறை வைத்துப் பம்பு செய்யத் தொடங்கிய பிறகு வீட்டின் முன்பக்கத்தை இடித்து மொசைக் போட்டு ஹால் கட்டியிருந்தார்கள். பின்பக்கம் பழைய வீடு அப்படியே இருந்தது. என் அம்மா அந்த வயலில் களை எடுத்தவர்.

சைக்கிளில் பத்து நிமிடம். கேட்டிலேயே வாடை வந்தது. வெளிச்சுவரில் இருந்த மெயினை முதலில் இறக்கினேன். அதற்குக் காரணம் உண்டு: அப்போதெல்லாம் ஃப்ரிட்ஜ் வாங்கினால் விருந்தாளி கண்ணில் படும்படி ஹாலில்தான் வைப்பார்கள். அது தானாகவே ஓடும், தானாகவே நிற்கும். ஒவ்வொரு தடவையும் உள்ளே ஒரு சின்னப் பொறி. ஹாலைத் தாண்டி ஒரு உள்ளறை. அதற்கு அப்பால் இரண்டு படி இறங்கினால் சமையலறை. இரண்டு படி இறக்கம் என்றால், கேஸுக்கு அது ஒரு தொட்டி.

சமையலறை வாசலில் பெரியவர் நின்றிருந்தார். வீட்டுக்காரர். எழுபது வயது இருக்கும். துண்டை மூக்கில் வைத்திருந்தார். அவர் தோளுக்கு மேலே பார்த்தேன். உள்ளே அவருடைய மருமகள் தரையில் உட்கார்ந்து, நனைந்த துணியை வால்வு மேல் வைத்து இரண்டு கையாலும் அழுத்திக்கொண்டிருந்தார். இருபத்தைந்து வயதுக்கு மேல் இருக்காது. துணிக்குள்ளிருந்து சீறுகிற சத்தம்.

"சாமி விளக்கு எரியுதுங்களா?" என்று கேட்டேன்.

"மொதல்லயே அணைச்சுட்டேனுங்க" என்றார் உள்ளேயிருந்து. பயத்திலும் அறிவு வேலை செய்தது.

"பின்னால வெந்நீர் அடுப்பு?"

அதை அவர் மறந்திருந்தார். அது எரிந்துகொண்டிருந்தது. சமையலறையின் பின்கதவுக்கு நேர் எதிரே. தோட்டத்து ஆள் ஒருவர் முன்வாசலில் நின்றார். அவரிடம் வீட்டைச் சுற்றி ஓடி, அடுப்பின் மேல் ஈரமண்ணைக் கூடை கூடையாகக் கொட்டச் சொன்னேன். தண்ணீர் போகும் துளையில் எலிக்குப் பயந்து சாக்கு அடைத்திருந்தார்கள். அதை வெளியிலிருந்து இழுத்துவிடச் சொன்னேன். மண் விழுகிற சத்தம் கேட்டது. சாக்கு போனதும் துளையில் வெளிச்சம் தெரிந்தது. அதுவரை எல்லாம் மேனேஜர் சொல்லிக் கொடுத்தபடி.

"கையை எடுத்துட்டு வெளிய வந்துருங்க" என்றேன் அந்தப் பெண்ணிடம்.

"எடுத்தா மேல வரைக்கும் பீச்சுதுங்க. எந்திரிக்கவும் முடியலீங்க."

கசிகிற கேஸ் வால்வைப் பனிக்கட்டிபோல ஆக்கிவிடும். கை மரத்துவிட்டால் விரல் மடங்காது. என் பையில் வால்வை மூடும் பாதுகாப்பு மூடி இருந்தது. அதை எடுத்துக்கொண்டு ஒரு அடி வைத்தேன். அப்போதுதான் பெரியவர் என் முகத்தைச் சரியாகப் பார்த்தார்.

"நீ மரியாயி பையன்தானே?"

"ஆமாங்க."

"அங்கயே நில்லு. என்ன பண்ணோணும்னு சொல்லு, அம்மணி பண்ணும். என்ற பையன் பட்டறையில இருந்து வந்துட்டிருக்கான்."

கோபமாகச் சொல்லவில்லை. மாட்டை எங்கே கட்டுவது என்று சொல்வதுபோலச் சாதாரணமாகச் சொன்னார். நான் நின்றேன்.

இதுதான் நான் பயிற்சியில் சொல்லாமல் விட்டது. என்னை யாரும் பிடித்து வைக்கவில்லை. பெரியவர் கதவை முழுக்க அடைத்துக்கொண்டும் நிற்கவில்லை. அவருக்கும் நிலைக்கும் நடுவே ஒரு ஆள் நுழைய இடம் இருந்தது. மூடி என் கையில் இருந்தது. ஆனால் என் கால் போகவில்லை. சின்ன வயதில் அம்மாவோடு அந்த வீட்டுக்கு வந்தால் கொல்லைப்புறத்து வேப்பமரம் வரைக்கும்தான். அந்த எல்லை அப்போதே உடம்பில் பதிந்துவிட்டது போலிருக்கிறது. வாசலில் நின்றபடியே, மூடியை எப்படி வைக்க வேண்டும், எந்தப் பக்கம் அழுத்த வேண்டும் என்று அந்தப் பெண்ணுக்கு வாயால் சொல்லிக்கொண்டிருந்தேன். மூடியை உள்ளே உருட்டிக்கூட விட்டேன். மரத்த கையால் அவர் எதை எடுப்பார்?

"மாமா" என்றார் அவர். "அவரை உள்ள உடுங்க. எனக்குக் கை இருக்கறதே தெரியல."

பெரியவர் நகரவில்லை. நானும் நகரவில்லை. அவர் முன்வாசல் பக்கம் பார்த்தார், மகன் வருகிறானா என்று. நானும் பார்த்தேன். அதை நினைத்தால் இன்றைக்கும் உடம்பு கூசுகிறது. நானும் அவனைத்தான் எதிர்பார்த்து நின்றேன்.

துணி நழுவியது. சத்தம் சட்டென்று உயர்ந்தது. அந்தப் பெண் பக்கவாட்டில் சாய்ந்தார்.

பெரியவரின் தோளில் இடித்துக்கொண்டு நுழைந்தேன். மேல்படியில் நின்று மூச்சை நிறைய இழுத்துக்கொண்டு இறங்கிக் குனிந்தேன். அந்தப் பெண்ணை இரண்டு கைக்கு அடியிலும் பிடித்துப் படி மேல் இழுத்துப் போட்டேன். பெரியவர்தான் அதற்கு மேல் இழுத்துக்கொண்டார். தரையில் கிடந்த மூடியை எடுத்து வால்வில் வைத்து அழுத்தினேன். கேஸின் வேகத்தில் வழுக்கித் தெறித்தது. அலமாரிக்கு அடியில் போய்விட்டது. கையை விட்டுத் துழாவினேன். மூச்சு முடிந்துகொண்டிருந்தது. கிடைத்தது. இந்தத் தடவை முழங்காலால் சிலிண்டரை நெருக்கிக்கொண்டு உடம்பு பாரம் முழுக்க உள்ளங்கையில் போட்டு அழுத்தினேன். டிக் என்றது. சத்தம் நின்றது.

பின்பக்கம் மண்ணுக்கடியில் கங்கு இருக்கும். அதனால் சிலிண்டரைத் தோளில் தூக்கி முன்வழியாகவே போனேன். உள்ளறை, ஹால், ஃப்ரிட்ஜ், மாலை போட்ட படங்கள். அந்த வீட்டை நான் உள்ளேயிருந்து வெளியே பார்த்தேன். மற்றவர்கள் எல்லாம் வெளியிலிருந்து உள்ளே பார்ப்பார்கள். தென்னைக்கு நடுவில் இறக்கி வைத்துவிட்டு வாந்தி எடுத்தேன்.

அந்தப் பெண்ணின் விரல்கள் மெழுகு மாதிரி வெளுத்திருந்தன. மகன் ஜீப்பில் வந்து ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனார். ஜீப்பில் ஏறும்போது அந்தப் பெண் என்னைத் திரும்பிப் பார்த்தார். ஏதாவது சொன்னாரா என்பது ஞாபகம் இல்லை. நான் தோப்பில் உட்கார்ந்து வேலை முடித்ததற்கான சீட்டை எழுதினேன். அப்போது வீட்டுக்குள்ளிருந்து தண்ணீர் ஊற்றுகிற சத்தம் வந்தது. ஹாலில் தொடங்கி, உள்ளறை, சமையலறை. நான் சாக்கை எடுக்கச் சொன்ன துளை வழியாக மஞ்சள் தண்ணீர் ஓடி வந்தது. வெளியே நின்று அந்தத் தண்ணீரை வாய்க்காலுக்குத் தள்ளிவிட்டுக்கொண்டிருந்தது எங்கள் காலனிப் பெண்தான். அவர் என்னைப் பார்க்காமல் வேலையைச் செய்தார்.

நான் ஆபீஸுக்குப் போவதற்குள் பெரியவர் ஃபோன் செய்துவிட்டார். மேனேஜர் என்னை உட்காரச் சொன்னார். பேனாவைக் கீழே வைத்தார்.

"சொல்லுங்க, கேக்கறேன்."

வரிசையாகச் சொன்னேன். மெயின், விளக்கு, வெந்நீர் அடுப்பு, துளை. அவர் குறுக்கே பேசவில்லை. முடித்ததும் கேட்டார்: "துளையத் திறந்ததுக்கும் நீங்க உள்ள எறங்குனதுக்கும் நடுவுல எவ்வளவு நேரமுங்க?"

"ரெண்டு நிமிஷம் இருக்குமுங்க."

"அந்த ரெண்டு நிமிஷம் எதுக்கு நின்னீங்க? நான் சொன்னதுல எதுக்காக?"

"நீங்க சொன்னது எதுக்காகவும் இல்லீங்க."

அவர் வாடிக்கையாளர் பதிவேட்டை எடுத்து என் பக்கம் திருப்பி வைத்தார். சில பெயர்களின் ஓரத்தில் பென்சிலில் சின்னப் புள்ளி இருந்தது. நான் அதைப் பலமுறை பார்த்திருக்கிறேன். ஏதோ ஆபீஸ் அடையாளம் என்று நினைத்திருந்தேன்.

"இது நான் வச்சதுங்க. புள்ளி வச்ச ஊட்டுக்குப் பழனிச்சாமியத்தான் அனுப்புவேன். உங்களை யாரும் ஒரு வார்த்தை சொல்லிப் போடக் கூடாதுன்னு நெனச்சேன்." நிறுத்தினார். "நெனச்சேன்னு சொல்லிக்கிட்டேன். இன்னிக்கு நீங்க நின்ன ரெண்டு நிமிஷத்தை நான்தானுங்க நாலு வருஷமாப் பழக்கி வச்சிருக்கேன்."

கை தானாகப் பக்கங்களைப் புரட்டியது. புள்ளிகள் நான் நினைத்ததைவிட அதிகம். நான்காவது பக்கத்தில் தெரிந்த தெருப் பெயர் ஒன்று வந்தது. கோவிந்தராஜ் என்ற பெயர். அதன் ஓரத்திலும் ஒரு புள்ளி.

நான் பார்த்ததை அவர் பார்த்தார்.

"நாளைக்குக் காலைல எட்டு மணிக்கு எங்க ஊட்டுக்கு வர முடியுங்களா?" என்றார். "அடுப்பு மஞ்சளா எரியுது."

"நாளைக்குப் பழனிச்சாமி வந்துருவாருங்க" என்றேன். வேண்டுமென்றேதான் சொன்னேன்.

"தெரியுமுங்க. நான் உங்களைத்தான் கேக்கறேன்."

அன்றிரவு வேலையை விட்டுவிடலாம் என்று என் மனைவியிடம் சொன்னேன். அவள், "மொதல்ல அங்க போயிட்டு வாங்க, அப்புறம் வேலைய விடுங்க" என்றாள்.

எட்டு மணிக்குப் போனேன். பெல்லை அழுத்தலாம், கசிவு ஒன்றும் இல்லை. இருந்தும் கதவைத் தட்டினேன். மேனேஜரே திறந்தார். வீட்டில் அவர் சட்டைக் கை மடித்திருந்ததை முதல் தடவையாகப் பார்த்தேன். முன்னால் நடந்து சமையலறைக்கு அழைத்துப் போனார். அங்கே யாரும் இல்லை. பின்கதவுக்கு வெளியே, துணி துவைக்கும் கல் பக்கத்தில், அவர் மனைவி முதுகைக் காட்டி நின்றிருந்தார்.

பர்னரைக் கழற்றித் துளைகளைக் குத்தினேன். குழாய்க்குள் பூச்சி கூடு கட்டியிருந்தது, எடுத்தேன். மேனேஜர் முழு நேரமும் அங்கேயே நின்றார். கடைசியில் ரப்பர் குழாயைச் சோதிக்க வேண்டும்.

"சோப்பு கரைக்க ஒரு டம்ளர் வேணுமுங்க" என்றேன்.

அவர் அலமாரியைத் திறந்தார். டம்ளர்கள் வரிசையாகக் கவிழ்ந்திருந்தன. எதை எடுப்பது என்று தெரியாமல் கை நின்றது. வெளியே நின்ற அவர் மனைவி திரும்பிப் பார்த்தார். மேனேஜர் முதல் வரிசையில் கையில் பட்டதை எடுத்துக் கொடுத்தார். சோதித்தேன். குமிழி வரவில்லை. டம்ளரை நன்றாகக் கழுவிவிட்டு எங்கே வைப்பது என்று யோசித்தேன். அவர் வாங்கி, எடுத்த இடத்திலேயே கவிழ்த்தார்.

பையைக் கட்டிக்கொண்டிருந்தபோது பின்பக்கத்திலிருந்து அந்த அம்மா தெலுங்கில் கணவரிடம் ஏதோ சொன்னார். பாதி புரிந்தது. சின்ன அடுப்பு, பால், அணைந்துபோகிறது.

மேனேஜர் திரும்பவில்லை. "என்கிட்ட எதுக்குச் சொல்றே? மெக்கானிக் அவருதான்" என்றார் தமிழில்.

பிறகு அந்த அம்மா பின்வாசல் படியில் ஏறி நின்றார். என்னைப் பார்க்காமல் அடுப்பைப் பார்த்துச் சொன்னார்: "சின்ன அடுப்பு, பால் பொங்கி வர்றப்ப அணைஞ்சு போகுது." கொஞ்சம் தயங்கினார். "அதையும் பாத்துக் குடுங்க."

பையைத் திரும்ப அவிழ்த்தேன். சிம்மில் வைக்கும் திருகைச் சரி செய்தேன். "பாலை வச்சுப் பாத்தாத்தான் தெரியுமுங்க" என்றேன். அந்த அம்மா உள்ளே வந்தார். பால் பாத்திரத்தை எடுத்துச் சின்ன அடுப்பில் வைத்தார். நான் பற்ற வைத்தேன். கையகலச் சமையலறை அது. பால் சூடேறும் வரைக்கும் மூன்று பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் அதற்குள் நின்றோம்.

பொங்கி வந்தது. தீ அணையவில்லை.